வெளியே ஆம்லெட், உள்ளே கலக்கி: பூரணம் வைத்துச் சுருட்டும் ஆம்லெட்

கேள்வி இது: "வெங்காயம், காளான், சீஸ் எல்லாம் உள்ளே வைத்து, ஓட்டலில் காலையில் தருகிற மாதிரி உருளையாகச் சுருட்டிய ஆம்லெட் செய்யப் பார்க்கிறேன். சுருட்டும்போது நடுவில் பிளந்துவிடுகிறது. உள்ளே வைத்ததெல்லாம் வெளியே கொட்டுகிறது. தட்டில் தண்ணீர் நிற்கிறது. அடிப்பக்கம் சிவந்து ரப்பர் மாதிரி ஆகிவிடுகிறது. நல்ல நான்ஸ்டிக் பேன்தான் வைத்திருக்கிறேன். எங்கே தப்பு?"

பேனில் குறை இல்லை. உங்கள் கையிலும் இல்லை. நம் வீட்டு ஆம்லெட்டைச் செய்து முடித்துவிட்டு அதைச் சுருட்டப் பார்க்கிறீர்கள். அது சுருளுகிற ரகமே இல்லை.

நம் ஆம்லெட்டை எப்படிப் போடுகிறோம்? பொடியாக நறுக்கிய வெங்காயம், பச்சை மிளகாய், கறிவேப்பிலை, உப்பு, மிளகுத்தூள் எல்லாவற்றையும் ஒரு டம்ளரில் போட்டு, அதிலேயே முட்டையை உடைத்து ஊற்றி, நுரை வர அடித்து, நன்றாகக் காய்ந்த கல்லில் ஊற்றிச் சுற்றி எண்ணெய் விடுகிறோம். ஓரம் முறுகி அடி சிவந்ததும் திருப்பிப் போடுகிறோம். அந்த முறுகலும் அரை வேக்காட்டு வெங்காயத்தின் நறுக்கும்தான் அதற்கு ருசி. ரசம் சோற்றுக்கு அதைவிட நல்ல துணை எனக்குத் தெரியாது. ஆனால் அதை இரண்டாக மடிக்கலாமே தவிர, சுருட்ட வராது. முட்டைக்குள் கிடக்கிற ஒவ்வொரு வெங்காயத் துண்டும் அந்த மெல்லிய படலத்தில் ஓர் ஓட்டை. வளைக்கும்போது கிழிசல் அங்கேதான் ஆரம்பிக்கும். அதோடு, இரண்டு பக்கமும் வெந்துவிட்ட முட்டையில் வளைந்து கொடுக்க ஈரம் மிச்சம் இருக்காது. அனலில் வாட்டிய வாழையிலை கட்டுச்சோற்றை எப்படிச் சுற்றிக்கொள்கிறது, காய்ந்த சருகு எப்படி நொறுங்குகிறது? அதே வித்தியாசம்தான்.

சென்னையில் ஓர் ஓட்டலில் ஐந்து வருடம் காலை நேர முட்டைக் கவுண்டரில் நின்றிருக்கிறேன். அங்கே எனக்குக் கற்றுக்கொடுத்த மூத்தவர் மதுரைப் பக்கத்துக்காரர், பரோட்டாக் கடையிலிருந்து ஓட்டல் வேலைக்கு வந்தவர். முதல் நாள் என்னிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்: "கலக்கி போடத் தெரியுமா தம்பி?" தெரியும் என்றேன். "அப்போ பாதி தெரிஞ்சுபோச்சு. கலக்கிக்கு ஒரு சட்டை தைச்சுப் போட்டா அதுதான் இந்த ஆம்லெட்" என்றார். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டுதான் அத்தனை வருடம் வேலை பார்த்தேன். உங்களுக்கும் அதைத்தான் விரித்துச் சொல்லப்போகிறேன்.

கலக்கி தெரியாதவர்களுக்காக: மதுரை, கோவைப் பக்கம் பரோட்டாக் கடைகளில் கிடைப்பது. அடித்த முட்டையில் உப்பு, மிளகு, சில கடைகளில் ஒரு கரண்டி சால்னாவும் சேர்த்துச் சூடான கல்லில் ஊற்றி, பரவுவதற்குள் நாலு பக்கமும் திருப்பியால் உள்ளே தள்ளி, சில நொடிகளில் எடுத்துவிடுவார்கள். மேலே ஒரு மெல்லிய தோல், உள்ளே வழுவழுவென்று பாதி வெந்த முட்டை. பிரெஞ்சுச் சமையலுக்கு இலக்கணம் வகுத்தவர்களில் முதன்மையானவரான ஒகுஸ்த் எஸ்கோஃபியே (1846–1935) ஆம்லெட்டுக்குச் சொன்ன விளக்கமும் கிட்டத்தட்ட இதுதான்: கிளறிய முட்டை, அதைச் சுற்றி இறுகிய முட்டையாலேயே ஆன ஓர் உறை, வேறொன்றும் இல்லை. உள்ளே இருக்கும் அந்த இளகிய பதத்தைப் பிரெஞ்சுக்காரர்கள் 'பவேஸ்' என்பார்கள். வாயில் ஜொள்ளு வழிவது என்று பொருள் வரும் சொல். நம் ஊர்க் கலக்கிக்கும் அப்படியே பொருந்தும்.

ஆகவே சுருட்டுகிற நேரம்தான் விஷயம். மேல்பக்கம் இன்னும் ஈரமாக இருக்கும்போது சுருட்ட வேண்டும். அந்த ஈரம்தான் பசை. உள்மடிப்பு ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதும், பூரணத்தைக் கவ்விக்கொள்வதும் அதனால்தான். "வெந்துவிட்டதா" என்று பார்த்துவிட்டுச் சுருட்டப் போனால் நேரம் தப்பிவிட்டது. தட்டுக்குப் போன பிறகும் உள்சூட்டில் முட்டை கொஞ்சம் வெந்துகொண்டேதான் இருக்கும். அதற்கும் இடம் விட வேண்டும்.

இது ஏன் என்று தெரிந்துகொண்டால் எந்த அடுப்பிலும் சமாளிக்கலாம். வெண்கருவில் 100-க்கு 88 பங்கு தண்ணீர், மஞ்சள் கருவில் ஏறக்குறைய பாதி தண்ணீர். மீதியில் முக்கியமானது புரதம். வெண்கரு 62 டிகிரி செல்சியஸ் வாக்கில் கெட்டிப்படத் தொடங்கும். மஞ்சள் கரு 65-இல் தடித்து 70-இல் இறுகும். வெண்கருவில் அதிகமாக இருக்கும் புரதம் இறுக 80 டிகிரி வேண்டும். இரண்டையும் கலந்து அடித்த முட்டை 73 வாக்கில் சேர்ந்து நிற்கும். இறுகுவது என்றால், புரத இழைகள் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு வலை மாதிரி ஆவது. அந்த வலைக்குள் தண்ணீர் தங்கியிருக்கிறவரை முட்டை மெத்தென்று இருக்கும். சூடு ஏற ஏற வலை இறுகிக்கொண்டே போய், ஈரத்துணியை முறுக்கிப் பிழிவதுபோல் தண்ணீரை வெளியே தள்ளும். நீங்கள் சொன்ன ரப்பர் அந்த இறுகிய வலை. தட்டில் நின்ற தண்ணீரில் பாதி அதிலிருந்து பிழிந்து வந்தது. மீதிப் பாதி காளான் விட்ட தண்ணீர்.

அதனால் காளானிலிருந்தே ஆரம்பிப்போம். முட்டையைத் தொடுவதற்கு முன்பே பூரணம் தயாராக, சூடாக, உலர்ந்து இருக்க வேண்டும். முட்டை அடுப்பில் இருக்கப்போவது ஒன்றரை நிமிடம்கூட இல்லை. அந்த நேரத்தில் பச்சை வெங்காயமும் வேகாது, ஆறிப்போன கறியும் சூடாகாது. காளானில் 100-க்கு 90-க்கு மேல் தண்ணீர்தான். மெல்லியதாக நறுக்கி, அகலமான வாணலியில் கொஞ்சமாகப் போட்டு, பெரிய தீயில் வதக்குங்கள். முதலில் சுருங்கித் தண்ணீர் விடும். அந்தத் தண்ணீர் முழுக்க வற்றி, மறுபடி எண்ணெயில் பொரிகிற சத்தம் கேட்கும். அந்தச் சத்தம் மாறுவதைக் காதால் கவனியுங்கள், அதுவரை இறக்காதீர்கள். உப்பு அப்புறம்தான். வெங்காயத்தைக் காளானோடு போடாமல் தனியாகக் கண்ணாடிப் பதம் தாண்டி, லேசாகப் பொன்னிறம் வரும்வரை வதக்கிச் சேருங்கள். சின்ன வெங்காயமானால் ருசி ஒரு படி மேல்.

தக்காளி போட ஆசையென்றால் விதையும் சாறும் இருக்கிற நடுப்பகுதியை எடுத்துவிட்டுச் சதையை மட்டும் வதக்குங்கள். கீரை என்றால் வதக்கிய பிறகு உள்ளங்கையில் வைத்துப் பிழிய வேண்டும். பிழிந்தால் எவ்வளவு தண்ணீர் வருகிறதென்று ஒரு தரம் பாருங்கள், பிறகு நீங்களே பிழியாமல் போட மாட்டீர்கள். முந்தின நாள் மிச்சமான கோழி வறுவலை எலும்பு நீக்கி நாராகப் பிய்த்து, கல்லில் ஒரு புரட்டுப் புரட்டி வைத்தால் அருமையாக இருக்கும். கொத்துக்கறி, இறால் தொக்கு எல்லாம் வைக்கலாம், தளர்வாக இல்லாமல் சுருள வதக்கியிருக்க வேண்டும், அவ்வளவுதான். மசால் தோசைக்கு வைக்கிற உருளைக்கிழங்கு மசாலா மட்டும் வேண்டாம். முட்டையின் மென்மை அந்தக் கிழங்கின் கனத்தில் காணாமல் போய்விடும்.

அளவு இன்னொரு விஷயம். மூன்று முட்டைக்கு மூன்று மேசைக்கரண்டி பூரணம், அதாவது 50 கிராம் சொச்சம். இதற்கு மேல் வைத்தால் எப்பேர்ப்பட்ட கைக்கும் பிளக்கும். கொழுக்கட்டைக்கு மாவு மெல்லிசாக இருக்கும்போது பூரணத்தை எப்படி அளந்து வைப்பீர்களோ அப்படி. மீதம் இருந்தால் சுருட்டி முடித்தபின் மேலே கீறி வைத்துக்கொள்ளலாம், ஓட்டல்களிலும் செய்வதுதான். துண்டுகளும் சின்னதாக இருக்கட்டும், கொண்டைக்கடலையைவிடப் பெரிதாக எதுவும் வேண்டாம்.

சீஸைப் பொறுத்தவரை துருவியே போடுங்கள், பிரிட்ஜிலிருந்து எடுத்துக் கொஞ்ச நேரம் வெளியில் வைத்த பிறகு. கடையில் பாக்கெட்டில் வருகிற பதப்படுத்திய சீஸ் சீக்கிரம் இளகி முட்டையோடு கலந்துவிடும். மொசரெல்லா நூலாக இழுக்கும், ஆனால் நன்றாகச் சூடு வேண்டும், அதனால் சூடான காளானுக்கு அடியில் அதைப் போடுங்கள். சீஸிலும் உப்பு உண்டு, முட்டையில் போடுகிற உப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

இனி முட்டை. முதல் தடவை இரண்டு முட்டையில் பழகுங்கள், பிறகு மூன்று. நாலைந்து பேருக்கு ஒரே பெரிய ஆம்லெட்டாகப் போட்டு வெட்டிக்கொடுக்கலாம் என்று நினைக்காதீர்கள். அது சுருளாது. ஆளுக்கு ஒன்று, ஒன்றுக்கு ஒரு நிமிடம். முட்டையை உடைத்ததும் உப்பைப் போட்டு அடித்து 15 நிமிடம் வைத்துவிடுங்கள். உப்பு முன்கூட்டியே போட்டால் முட்டை கெட்டிப்படும் என்று பலர் நினைக்கிறார்கள். நடப்பது நேர்மாறு. உப்பு புரத இழைகள் ரொம்ப நெருக்கமாகப் பின்னிக்கொள்ளாமல் தடுக்கிறது. அந்தக் கால் மணி நேரத்தில் முட்டையின் நிறம் சற்று அடர்ந்து, கலங்கல் குறைந்து, நீர்த்தாற்போல் ஆவதைக் கண்ணாலேயே பார்க்கலாம். பாலும் தண்ணீரும் வேண்டாம். ஒரு முட்டைக்கு ஒரு தேக்கரண்டி பால் விட்டால் கெடுதல் இல்லை, ஆனால் அதற்கு மேல் போனால் உறை பலவீனமாகிக் கிழியும்.

அடிப்பதற்கு முள்கரண்டி போதும். வெண்கருக் கோழை எங்கும் தொங்கக் கூடாது, கரண்டியைத் தூக்கினால் ஒரே சீராக ஒழுக வேண்டும். அதே சமயம் நுரை கட்டக் கூடாது. நம் கை பழக்கத்தில் டம்ளருக்குள் சர்ரென்று சுழற்றி நுரைக்க வைத்துவிடுவோம். இங்கே அந்தக் குமிழ்கள் உறையில் துளைகளாகத்தான் போகும். கரண்டியைக் கிண்ணத்தின் அடியிலேயே வைத்து இடமும் வலமுமாக அடியுங்கள். மிளகையும் மிளகாயையும் பூரணத்தில் போடுங்கள். மல்லித்தழையை மட்டும் மிகப் பொடியாக நறுக்கி முட்டையில் கலக்கலாம்.

(பிரான்ஸில் நுரைத்த ஆம்லெட்டும் இருக்கிறது. மோன் சாங் மிஷேல் என்ற தீவில் 1888-இல் அன்னெத் பூலார் தொடங்கிய விடுதி அதற்குப் பேர்போனது. செம்புப் பாத்திரத்தில் முட்டையைத் தாளத்தோடு அடித்து நுரைக்க வைத்து, விறகுத் தீயில் நீளக் காம்புச் சட்டியை நீட்டிச் செய்வார்கள். பஞ்சுபோல் எழும்பி இரண்டாக மடிவது அது. நாம் பேசுவது சுருட்டுகிற ஆம்லெட்டை.)

பேன் 20 சென்டிமீட்டர் அகலம், மூன்று முட்டைக்கு அதுவே சரி. ஓரம் செங்குத்தாக இல்லாமல் சரிந்து மேலே ஏற வேண்டும், அந்தச் சரிவில்தான் ஆம்லெட் சுருளும். இரும்புப் பேனும் நன்றாகப் பழகியிருந்தால் நான்ஸ்டிக்குக்குக் குறைவில்லாமல் வழுக்கும், ஆனால் அதை ஆம்லெட்டுக்கென்றே தனியாக வைத்துக்கொள்ள வேண்டும். மீன் வறுத்ததில் போடாதீர்கள். நான்ஸ்டிக் என்றால் வெறும் பேனைப் பெரிய தீயில் காயவிடக் கூடாது. 260 டிகிரிக்கு மேல் போனால் அந்தப் பூச்சு சிதையத் தொடங்கும்.

வெண்ணெய் ஒரு மேசைக்கரண்டி. எண்ணெயிலும் செய்யலாம், ஆனால் வெண்ணெய் உங்களுக்குச் சூடு சொல்லும். அதில் 100-க்கு 16 பங்கு வாக்கில் தண்ணீர் இருக்கிறது. உருகியதும் அந்தத் தண்ணீர் கொதித்து வெள்ளை நுரையாகப் பொங்கும், சலசலவென்று சத்தம் வரும். தண்ணீர் போகப் போக நுரை அடங்கி, சத்தமும் அடங்கும். அந்த நொடியில் முட்டையை ஊற்ற வேண்டும். நுரை இருக்கும்போதே ஊற்றினால் சூடு போதாமல் ஒட்டும். சத்தம் அடங்கி, வெண்ணெய் சிவந்து, நெய் காய்ச்சும்போது வருகிற வாசனை வந்துவிட்டால் சூடு கூடிப்போச்சு, பேனை இறக்கி ஆறவிட்டுத் துடைத்து மறுபடி ஆரம்பியுங்கள். உங்கள் ஆம்லெட்டின் அடி சிவப்பதற்குக் காரணம் இந்த இடம்தான் என்று நினைக்கிறேன். இந்த ஆம்லெட்டுக்கு அடி சிவக்கவே கூடாது. வெளிர் மஞ்சளாக, சுருக்கமில்லாமல் இருக்க வேண்டும்.

பூரணக் கிண்ணம் கைக்கெட்டும் இடத்தில், சூடாக. தட்டு பக்கத்தில். தீ நடுத்தரம். இப்போது அந்த ஒரு நிமிடத்தை மெதுவாகச் சொல்கிறேன்.

முட்டையை ஊற்றுங்கள். ஐந்து நொடி ஒன்றும் செய்யாதீர்கள், விளிம்பில் வெள்ளைக் கோடு மாதிரி லேசாகக் கட்டும். உடனே இடது கையால் பேனை முன்னும் பின்னும் அசைத்துக்கொண்டே, வலது கையில் ரப்பர் கரண்டியால் வேகமாகக் கிளறுங்கள், ஓரத்தைச் சுரண்டி நடுவுக்கும் நடுவிலிருந்து ஓரத்துக்கும். பொடிமாஸுக்குக் கிளறுகிற மாதிரி நிதானமாகக் கிளறினால் பெரிய கட்டிகளாக வந்துவிடும். நமக்கு வேண்டியது ரவை மாதிரி சின்னச் சின்னக் கட்டி. இருபது நொடி வாக்கில் பார்த்தால், ரவா கேசரி இறுகுவதற்குச் சற்று முந்தின பதம்போலக் குழைவாக, ஆனால் மேலே பளபளவென்று ஈரமாக இருக்கும். கரண்டியால் ஒரு கோடு இழுத்தால் பேனின் அடி ஒரு கணம் தெரிந்து உடனே மூடிக்கொள்ளும். அதுதான் அடையாளம். கிளறுவதை அங்கேயே நிறுத்துங்கள்.

இனி அதைத் தோசை மாவு பரப்புவதுபோல் பேன் முழுக்கச் சமமாகப் பரப்புங்கள். எங்காவது ஓட்டை தெரிந்தால் ஈரமான முட்டையை அங்கே தள்ளி அடையுங்கள். தீயைச் சிறியதாக்கிப் பத்து நொடி அப்படியே விடுங்கள். அடியில் உறை உருவாவது இந்தப் பத்து நொடியில்தான். மேலே கலக்கி, கீழே சட்டை. பேனை லேசாக ஆட்டினால் ஆம்லெட் முழுதாக நகர வேண்டும். நகரவில்லையென்றால் ஓரத்தில் கரண்டியை விட்டு விடுவியுங்கள், ஒரு துண்டு வெண்ணெயை ஓரத்தில் நழுவவிட்டால் அடியில் ஓடி விடுவித்துவிடும். அடுப்பை அணையுங்கள்.

மேல்பக்கம் ஈரமாக இருக்கும்போது அணைக்க மனசு வராது. எனக்கும் வரவில்லை. முதல் ஒரு வாரம் ஒவ்வொரு ஆம்லெட்டிலும் "இன்னும் ஒரு அஞ்சு செகண்ட்" என்று வைத்து, ஒவ்வொன்றும் மடிப்பில் பிளந்தது. எட்டாம் நாள் மூத்தவர் என் பின்னால் வந்து நின்று, ஒன்றும் சொல்லாமல் கையை நீட்டிக் குமிழை அணைத்தார். அன்று சுருட்டியதுதான் என் முதல் முழு ஆம்லெட். அடுப்பை அணைத்தாலும் பேனின் சூடு அணையவில்லை, சுருட்டி முடிக்க அது தாராளமாகப் போதும்.

பூரணத்தைப் பேனின் காம்புக்குக் குறுக்காக, நடுவில் ஒரு கோடாக வையுங்கள். இரண்டு முனையிலும் இரண்டு விரல் அகலம் காலியாக விடுங்கள். காம்புப் பக்கம் இருக்கும் மூன்றில் ஒரு பங்கைக் கரண்டியால் தூக்கிப் பூரணத்தின் மேல் போர்த்துங்கள். இப்போது பேனைக் காம்புப் பக்கம் உயர்த்தி எதிர்ப்பக்கம் சாயுங்கள். ஆம்லெட் வழுக்கிக்கொண்டு எதிர் ஓரத்துக்குப் போய், அந்தச் சரிவில் ஏறி, உதடு மாதிரி கொஞ்சம் வெளியே எட்டிப் பார்க்கும். அந்த உதட்டைக் கரண்டியால் உள்பக்கமாக மடித்துவிடுங்கள்.

அடுத்து கையை மாற்றிப் பிடிக்க வேண்டும். பலரும் தவறவிடுவது இந்த இடம். வழக்கமாகக் காம்பை மேலிருந்து பிடிப்போம். இப்போது உள்ளங்கை வானத்தைப் பார்க்கக் காம்பை அடியிலிருந்து பிடியுங்கள். இடது கையில் தட்டைச் சாய்த்துப் பேனின் விளிம்போடு ஒட்டிப் பிடியுங்கள். பேனைத் தட்டின் மேல் கவிழ்த்தால் ஆம்லெட் இன்னொரு சுற்றுப் புரண்டு, மடிப்புப் பக்கம் அடியில் போய்த் தட்டில் விழும். மேலிருந்து பிடித்தால் மணிக்கட்டு அவ்வளவு திரும்பாது, பாதியில் நின்று ஆம்லெட் பிய்ந்துவிடும். இந்த ஒரு அசைவுக்காக முட்டையை வீணாக்க வேண்டாம். ஆறிப்போன ஒரு ஊத்தப்பத்தைப் பேனில் போட்டு, அடுப்பில்லாமல் பத்து முறை மடித்துக் கவிழ்த்துப் பாருங்கள். கைக்குப் பாதை பிடிபட்டுவிடும்.

தட்டில் விழுந்தது கோணலாக இருந்தால் சுத்தமான மெல்லிய துணி ஒன்றை மேலே போட்டு இரண்டு கையாலும் இதமாக அணைத்து உருளையாக்குங்கள், குழந்தையைத் துணியில் சுற்றுவதுபோல. சூடாக இருக்கிறவரை சொன்னபடி கேட்கும். மேலே ஒரு துளி வெண்ணெய் தடவினால் பளபளப்பு வரும். முனை இரண்டும் மெலிந்து நடுப்பாகம் பருத்து, நெசவுத்தறி நாடா மாதிரி இருப்பதுதான் முறையான வடிவம். அது வராவிட்டாலும் கவலைப்பட வேண்டாம், கத்தியால் கீறும்போது பூரணமும் இளகிய முட்டையும் சேர்ந்து லேசாக வழிந்தால் ஆம்லெட் சரியாக வந்திருக்கிறது.

உள்ளே இளகி இருப்பது எல்லோருக்கும் ஆகாது, அதையும் சொல்ல வேண்டும். கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள், வயதானவர்கள், உடம்பு பலவீனமாக இருப்பவர்களுக்கு முழுக்க வெந்த முட்டைதான் கொடுக்க வேண்டும். சால்மொனெல்லா கிருமி பயம் அதற்குக் காரணம். முட்டை உணவுக்கு 71 டிகிரி உள்சூடு பாதுகாப்பானது என்று கணக்கு. அவர்களுக்குச் செய்யும்போது பரப்பி முடித்ததும் தீயை மிகச் சிறியதாக்கி, மூடி போட்டு, மேலே ஈரம் மறையும்வரை ஆவியில் வேகவிடுங்கள். பிறகு பூரணம் வைத்துச் சுருட்டுங்கள். ஆவியில் வெந்த முட்டை திருப்பிப் போட்டு வெந்ததைப்போல் விறைக்காது. கொஞ்சம் கவனமாகச் சுருட்டினால் வந்துவிடும்.

இந்தப் பிரெஞ்சுச் சுருட்டு கைகூடப் பத்துப் பதினைந்து முட்டை ஆகும். அதுவரை பொறுக்க முடியாது, நாளைக்கே குழந்தைக்கு டிபன் பாக்ஸில் வைக்க வேண்டும் என்றால் கொரியர்கள் செய்கிற கெரான் மாரியைச் செய்யுங்கள். முட்டைச் சுருள் என்றே பொருள். அங்கேயும் அது மதியச் சாப்பாட்டு டப்பாவுக்குப் போகிற பண்டம்தான். நாலு முட்டையை அடித்து, துருவலைவிடப் பொடியாக நறுக்கிய கேரட்டும் வெங்காயத்தாளும் கலந்துகொள்வார்கள். பேனில் எண்ணெயைத் துணியால் துடைத்தாற்போல் தடவி, முட்டையில் மூன்றில் ஒரு பங்கை மெல்லிசாக ஊற்றுவார்கள். மேல்பக்கம் பாதி கட்டியதும் ஒரு ஓரத்திலிருந்து இரண்டு விரல் அகலத்துக்குப் பாய் சுருட்டுவதுபோல் சுருட்டி, சுருளை ஓரத்துக்குத் தள்ளி, காலி இடத்தில் மறுபடி எண்ணெய் தடவி, அடுத்த பங்கை ஊற்றுவார்கள். புது முட்டை பழைய சுருளின் காலடியில் ஒட்டிக்கொள்ளும், அதையும் சேர்த்துச் சுருட்டிக்கொண்டே போக வேண்டியதுதான். ஒரு சுற்றுக் கிழிந்தாலும் அடுத்த சுற்று மூடிவிடும். அதனால்தான் புதியவர்களுக்கு இதைச் சொல்கிறேன். நம் பூரணத்தை முதல் சுற்றிலேயே ஒரு கோடாக வைத்துச் சுருட்டிவிடலாம். முடிந்ததும் ஐந்து நிமிடம் ஆறவிட்டு, பிறகு வட்டமாக நறுக்குங்கள். சூட்டோடு நறுக்கினால் சுற்றுகள் பிரியும்.

ஜப்பானின் தமாகோயாகியும் இதே வழிதான், ஆனால் அதற்கென்றே மூலை உள்ள பேன் வைத்திருப்பார்கள். தோக்கியோப் பக்கம் சதுரப் பேன், இனிப்புத் தூக்கலாக இருக்கும். ஒசாகா, கியோத்தோப் பக்கம் நீளச் செவ்வகப் பேன், தாஷி என்கிற, கடல்பாசியும் மீனும் சேர்ந்த சாற்றை முட்டையில் நிறையக் கலந்து, சொட்டச் சொட்டச் செய்வார்கள். அதைச் சுருட்டுவது இந்த மூன்றிலும் கடினம்.

பேன் வாங்க வசதியில்லை, தோசைக்கல்தான் இருக்கிறது என்பவர்களுக்கு: தோசைக்கல்லில் பிரெஞ்சு முறை வராது, சரிவான ஓரம் இல்லை. ஆனால் இரண்டு முட்டையை வெங்காயம் போடாமல் அடித்து, மிதமாகக் காய்ந்த கல்லில் நெய் தடவி, பேப்பர் ரோஸ்ட் அளவுக்கு இல்லாவிட்டாலும் நீர் தோசை மெல்லிசுக்காவது கரண்டியால் இழுத்துப் பரப்புங்கள். மேலே பச்சை முட்டை வழியாத அளவுக்குக் கட்டி, பளபளப்பு மிச்சம் இருக்கும்போதே பூரணத்தை ஒரு ஓரத்தில் வைத்துத் திருப்பியால் சுருட்டிவிடுங்கள். இது மெல்லிய உறை, உள்ளே முழுக்கப் பூரணம். கொத்துக்கறிக்கு இதைவிட நல்ல உறை இல்லை.

கடைசியாக, டிபன் பாக்ஸ் விஷயம். உள்ளே இளகிய ஆம்லெட்டைக் காலையில் செய்து மதியத்துக்கு வைக்கக் கூடாது, ருசியும் போகும், உடம்புக்கும் நல்லதில்லை. டப்பாவுக்கு என்றால் கெரான் மாரியை முழுக்க வேகவைத்து, நன்றாக ஆறிய பிறகு மூடுங்கள். சூட்டோடு மூடினால் மூடியில் வியர்த்து ஆம்லெட் மேலேயே சொட்டும், நீங்கள் காளானிலிருந்து அவ்வளவு பாடுபட்டு வற்றவைத்த தண்ணீர் மறுபடி தட்டுக்கு வந்துவிடும்.